போதும் என்று யாரும் சொல்லவில்லை

பூட்டு ரிப்பேர்காரர் அவளை ‘வாலு’ என்று கூப்பிடவே இல்லை. படம்பிடித்த அன்று மழையைப் பற்றித்தான் ஏதோ பேசினார். ஆனால் இந்த மத்தியானம், ஜன்னல் திரையை இழுத்துவிட்டு, மின்விசிறியின் கடகட சத்தத்துக்கும் சூடேறிய கம்ப்யூட்டரின் பிளாஸ்டிக் வாசனைக்கும் நடுவே அந்தப் பதிவை ஓட்டிப் பார்த்தபோது, ‘வாலு’ என்று தெளிவாகக் கேட்டது. அந்தப் பேரில் அவளைக் கூப்பிட உலகத்தில் ஒரே ஆள்தான். நான்கு மாதம் முன்பு கடைக்குப் போய்வருகிறேன் என்று கிளம்பிய அண்ணன்.

அவள் எடுப்பது கதையே எழுதாத படம். தெருவில் எதிர்ப்படுகிறவர்களை நிறுத்துவாள். “ஒரு நிமிஷம் என் அண்ணனா இருங்க. காணாமப் போய் இப்பதான் வீட்டுக்கு வர்றீங்க. வாய்க்கு வந்ததைப் பேசுங்க. முடிஞ்சதும் ‘போதும்’னு சொல்லுங்க, நிறுத்திடுறேன்.” படம் என்பதெல்லாம் வெளியே சொல்லிக்கொள்ள. யார் வாயிலிருந்தாவது அவன் பேசிவிட மாட்டானா என்ற நப்பாசைதான். வெட்கம், மானம் எல்லாம் எப்போதோ போய்விட்டன.

முதலிலிருந்து ஓட்டினாள்.

“ரொம்ப தூரம் நடந்துட்டேன், வாலு” என்றார் பூட்டு ரிப்பேர்காரர், வலது காது மடலை இழுத்துக்கொண்டே. அண்ணன் வாயைத் திறந்தால் அந்தக் காதுதான் பாடுபடும்.

அடுத்தவர் பஸ் கண்டக்டர். வேறு நாள், வேறு தெரு. அவர் கையும் காதுக்குப் போனது. “நம்ம தெருவுக்குள்ள வந்துட்டேன்.”

பள்ளிக்கூட டீச்சர். “மாடிப்படி ஏறுறேன்.”

பார்சல் கொண்டுவந்த பெண். “செருப்பைக் கழட்டிட்டேன். கதவு திறந்துதானே இருக்கு?”

அவ்வளவுதான். ஒருவர்கூட ‘போதும்’ என்று சொல்லவில்லை.

ஓடிப்போய்க் கதவைத் திறந்தாள். வாசல் காலி. படியிறங்கித் தெருவுக்கு ஓடி, எதிரே வந்தவரின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“ஒரே ஒரு வரி பேசுங்க. உங்க கால்ல விழறேன்.”

“விடும்மா கையை!” என்று உதறிவிட்டுப் போனார் அவர். அடுத்தவர் எதிர்ப்பக்கம் தாண்டிவிட்டார். மீதி இருந்தது ஒரே ஒரு ஆள்தான். அவளே.

வீட்டுக்கு வந்து கேமராவை மேஜைமேல் வைத்தாள். எதிரே நாற்காலியில் உட்கார்ந்தாள். சிவப்பு விளக்கு எரிந்தது.

“நான்... அண்ணன். இப்பதான் வந்தேன்.”

கை எழுந்தது. அவள் தூக்கவில்லை. வலது காதைப் பிடித்தது.

“வந்துட்டேன், வாலு.”

தொண்டை அவளுடையது. குரல் அவனுடையது.

சந்தோஷத்தில் அழ நினைத்தாள். கண் கேட்கவில்லை. போதும் என்று சொல்ல வேண்டும். நாக்கு அசையவில்லை.

கால்கள் எழுந்தன. நடந்தன. சமையலறை. பால்கனி. குனிந்து கட்டிலுக்கடியில்.

“எங்கடி ஒளிஞ்சிருக்க?” சிரிப்பு. பிறகு சிரிப்பு இல்லை. “விளையாடாத, வாலு. இவ்ளோ தூரம் வந்திருக்கேன்ல?”

இங்கதாண்ணா. இங்கதான். உள்ளே எங்கோ அவள் கத்தினாள்.

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. காலி நாற்காலிக்குப் பின்னால், காதைப் பிடித்தபடி, அவளைத் தேடி அறை அறையாக அவள் உடம்பு நடந்துகொண்டிருந்தது.