ஐந்தாம் பகுதியின் ஆறு பொத்தான்கள்

கறை மறுபடியும் வந்திருந்தது.

மைத்துனன் நீட்டிய படங்களை இயக்குநர் இரண்டு விரல்களால் வாங்கினார், அடுத்தவர் மூக்கு சிந்திய கைக்குட்டையை வாங்குவதுபோல. ஆறு படங்கள். ஒவ்வொன்றிலும் சுரங்கத்துச் சுவர், சுவரில் சிவப்பு அவசரப் பொத்தான், அதன் அருகிலோ அடியிலோ பழுப்பு நிறத்தில் ஒரு வலது கையின் தடம். உள்ளங்கையின் குறுக்கே ஒரு கோடு மட்டும் கறுத்துத் தடித்திருந்தது.

"நேத்து சாயங்காலம் நானே துடைச்சேன், அத்தான். காலைல சோதனைக்கு பீம் விட்டாங்க. நிறுத்திட்டு உள்ள போய்ப் பார்த்தா, இது."

"ஆபீஸ்ல அத்தான் கிடையாது."

"சரி, சார்."

மைத்துனன்தான் எந்திரத்தின் பாதுகாப்பு அதிகாரி. மனைவி நச்சரித்ததால் பதினைந்து வருடம் முன்பு இவர் போட்டுக்கொடுத்த வேலை. பூமிக்கடியில் ஆறு கிலோமீட்டர் வளையமாக ஓடும் சுரங்கம். அதற்குள் எதிரெதிராகப் புரோட்டான்களை ஓடவிட்டு மோதவைக்கும் எந்திரம். பீம், அதாவது அந்தப் புரோட்டான் கற்றை, ஓடும்போது உள்ளே ஒரு மனிதனும் இருக்கக் கூடாது. இருந்துவிட்டால் அவன் அழுத்துவதற்குத்தான் அந்தப் பொத்தான்கள். ஒன்றை அழுத்தினால் போதும், எல்லாம் நின்றுவிடும்.

மூன்று வாரமாக அதுதான் தொல்லை. ஐந்தாம் பகுதியில், கதவிலிருந்து ஆகக் கடைசியில் இருக்கும் ஆறாம் எண் பொத்தானை, ஆளே இல்லாத சுரங்கத்தில் யாரோ அழுத்தினார்கள். பீம் நின்றது. கெட்டுப்போன பொத்தான் என்று இயக்குநர் அதன் இணைப்பைத் துண்டிக்கச் சொன்னார். அடுத்த முறை ஐந்தாம் எண் அழுந்தியது. அதையும் துண்டிக்கச் சொன்னார். பிறகு நான்கு. மூன்று. இரண்டு. நேற்று, கதவின் பக்கத்திலிருக்கும் ஒன்று. இப்போது அந்தப் பகுதியில் ஆறும் செத்த பொத்தான்கள். இன்று காலை பீம் ஒரு மணி நேரம் நிற்காமல் ஓடியது. பொத்தான்கள்தான் கெட்டவை என்பதற்கு இதைவிட வேறென்ன சான்று வேண்டும்?

"கையோட உயரத்தைப் பாருங்க சார்," என்றான் மைத்துனன். "ஆறுல தோள் உயரம். நாலுல இடுப்பு. ரெண்டுல முட்டி. ஒண்ணுல தரையிலயே இருக்கு. அதுல விரல் கதவைப் பார்த்துதான் இருக்கு. ஆனா கையை உள்பக்கமா இழுத்துக்கிட்டுப் போன மாதிரி இருக்கு."

"துருப்பிடிச்ச தண்ணி ஒழுகியிருக்கு. நீ ஜோசியம் பார்க்கிறே."

"நான் துடைக்கலை. அப்படியே விட்டு வச்சிருக்கேன். கமிட்டில வந்திருக்கிற மேடம்கிட்ட சொல்லிட்டேன். பதினோரு மணி டெமோ முடிஞ்சதும் உள்ள வந்து பார்க்கிறாங்களாம்."

இயக்குநருக்கு உச்சந்தலை வரை சூடேறியது. சோறு போட்ட கையைக் கடிக்கிறான். வந்திருப்பவர்கள் ஏழு பேர். அதில் இருவருக்குப் புரோட்டானுக்கும் புரோட்டீனுக்கும் வித்தியாசம் தெரியாது. அந்த ஏழு பேரும் நிதிக்குத் தலையாட்டினால்தான் எண்பது கிலோமீட்டர் வளையம், இவருடைய பெயரைச் சொல்லப்போகும் அடுத்த எந்திரம், எழும். இந்தச் சின்ன வளையம் பதினோரு வருடமாக ஓடியும் புதிதாக ஒரு துகளைக்கூடக் காட்டவில்லை. அதனால் என்ன? சின்ன வலையில் விழாதது பெரிய வலையில் விழும் என்று எல்லா மேடையிலும் சொல்லிவிட்டார். விழுவதற்கு அங்கே ஏதாவது இருக்கிறதா என்று கேட்ட இளம் ஆய்வாளர்களைக் கூட்டத்திலேயே கேலி செய்து உட்காரவைத்தார். அவருக்கு வயது அறுபத்திரண்டு. இன்று கிடைக்காவிட்டால் இனி இல்லை. ஒரு கைக்கறை வந்து அதைக் கெடுப்பதா?

"உள்ள ஆள் இருக்கான்னு தேடுற சர்ச் முடிச்சாச்சா?"

"முடிச்சாச்சு. நானே நடந்து பார்த்தேன். உள்ள ஆள் இல்ல. சாவி எல்லாம் பலகைல இருக்கு."

உள்ளே போகும் ஒவ்வொருவரும் பலகையிலிருந்து ஒரு சாவியை எடுத்துக்கொண்டு போகவேண்டும். ஒரு சாவி குறைந்தாலும் பீம் கிளம்பாது. இயக்குநருக்கு இந்தச் சாவி விளையாட்டின்மேல் எப்போதும் இளக்காரம். கண்டுபிடிக்கும் மூளைகளை, பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மாதிரி வரிசையில் நிற்கவைக்கிற வேலை.

"பதினொண்ணு அடிச்சா பீம் போகணும். நான் ஹாலுக்கு லேட்டா வருவேன். எனக்காக அவங்க காத்திருக்கலாம். பீம் காத்திருக்கக் கூடாது. புரியுதா?"

"சரி சார்." கதவருகே போனவன் நின்றான். "அத்தான், பயமா இருக்கு."

"உங்க அக்காகிட்ட போய்ச் சொல்லு."

மணி பத்தே காலுக்கு அவர் ஐந்தாம் பகுதிக் கதவின் முன் நின்றார். கையில் ஈரத்துணி, சட்டைப்பையில் பழைய மாஸ்டர் சாவி. எந்திரத்தைக் கட்டிய நாட்களில் தனக்கென்று செய்துகொண்டது. அதைப் போட்டுத் திறந்தால் கதவு திறந்தது கட்டுப்பாட்டு அறைக்குத் தெரியாது. பலகையில் சாவி குறையாது. பதிவேட்டில் பெயர் வராது. ஆறு சுவரைத் துடைக்க இருபது நிமிடம். பிறகு அந்த அம்மாள் பூதக்கண்ணாடி வைத்துத் தேடட்டும்.

உள்ளே சூடான பிளாஸ்டிக் வாசனையும், மழைக்கு முன்பு மின்கம்பத்தடியில் வரும் காந்தலும் கலந்திருந்தன. ஒரு பக்கம் ஆளுயரத்துக்கு நீல நிறக் காந்தங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வளைந்து போயின. மறுபக்கம் கேபிள் தட்டுகள். நடுவே ஒருவர் நடக்கும் அகலத்தில் பாதை. எங்கோ பம்புகள் ஒரே சுருதியில் முனகின, காலையில் சூடாகி இப்போது ஆறும் இரும்பு டிக் டிக்கென்று சொடுக்குப் போட்டது, வளைவு எப்போதும் நூறு மீட்டருக்கு அப்பால் பார்வையை மூடிக்கொண்டே இருந்ததால் எவ்வளவு நடந்தாலும் நடந்த மாதிரியே இல்லை.

ஒன்றாம் பொத்தான். குனிந்து பார்த்தார். தரை சுத்தமாக இருந்தது.

விரலால் தடவினார். தூசிதான். இரண்டாம் பொத்தான், சுத்தம். மூன்று, சுத்தம். அவருக்குச் சிரிப்பு வந்தது. ஆக, மைத்துனன் படத்தை ஜோடித்திருக்கிறான். நாளைக் காலை அவன் வேலையில் இருக்க மாட்டான். அக்காவும் தம்பியுமாக உட்கார்ந்து அழட்டும். இருந்தாலும் வந்த வேலையை முடிப்போம் என்று கடைசி வரை நடந்தார். ஆறாம் பொத்தானும் புதுப் பெயின்ட்போல மின்னியது. அதற்கு அப்பால் கான்கிரீட் தடுப்பு, பீம் குழாய் மட்டும் அதைத் துளைத்து அடுத்த பகுதிக்குப் போனது. கைக்கடிகாரத்தில் பத்து முப்பத்து மூன்று.

திரும்பும்போது ஷூ வழுக்கியது. வலது கையை நீட்டி எதையோ பிடித்தார். கேபிள் தட்டின் தகரவிளிம்பு.

வலி பிறகுதான் வந்தது. உள்ளங்கையின் குறுக்கே, சுண்டுவிரல் அடியிலிருந்து கட்டைவிரல் வரை, நேராக ஒரு வெட்டு. ரத்தம் கொஞ்சம் யோசித்துவிட்டு வந்ததுபோல மெதுவாக நிறைந்தது. துணியைச் சுற்றிக்கொண்டார். அந்தக் கோட்டை எங்கே பார்த்தோம் என்று நினைத்தார். நினைவுக்கு வந்ததும் அதைத் தள்ளிவிட்டார். படித்தவன் நினைக்கிற நினைப்பா இது?

மணி பார்த்தார்.

பத்து ஐம்பத்தெட்டு.

கடிகாரத்தை உதறினார். காதில் வைத்தார். ஓடிக்கொண்டுதான் இருந்தது. விழுந்து எழுந்தது ஒரு நொடி. இருபத்தைந்து நிமிடம் எங்கே போயிற்று? துணி ரத்தத்தில் ஊறிக் காய்ந்து, ஓரத்தில் மொரமொரவென்று இருந்தது. அலைபேசியை எடுத்தார், இங்கே சிக்னல் கிடைக்காது, தெரிந்த விஷயம்தான். விளக்குகள் மங்கின.

சைரன் ஊளையிட்டது. அது அடங்க, சுரங்கத்தின் ஒலிபெருக்கிகள் எல்லாம் ஒரே குரலில் பேசின. அவருடைய குரல். எட்டு வருடத்துக்கு முன்பு, முட்டாள்களுக்குச் சொல்வதுபோல நிறுத்தி நிறுத்தி அவர் பதிவு செய்து கொடுத்தது.

"பீம் வரப்போகிறது. உள்ளே யாராவது இருந்தால், பக்கத்திலுள்ள சிவப்புப் பொத்தானை அழுத்தவும். பதற வேண்டாம். அழுத்தினால் நின்றுவிடும்."

அழுத்தினார்.

செத்த பொத்தான் என்று தெரியும். துண்டிக்கச் சொல்லிக் கையெழுத்துப் போட்டவர் அவர்தான். தெரிந்தும் அழுத்தினார், முழுக் கையையும் வைத்து, துணி நழுவி விழ, மறுபடியும், மறுபடியும். பம்புகளின் முனகலுக்கு அடியில் இன்னொரு முனகல் கிளம்பியது. காந்தங்கள் விழித்துக்கொண்டன. கையை எடுத்தார்.

சுவரில் தடம். தோள் உயரத்தில். குறுக்கே ஒரு கோடு.

"ஐயோ," என்றார். யாருக்கும் கேட்கவில்லை.

ஓடினார். வளைவு தாண்டி ஐந்தாம் பொத்தான். அழுத்தினார், நெஞ்சு உயரம். இன்னும் நான்கு. பிறகு கதவு. ஓடிவிடலாம், ஏன் முடியாது? அவ்வளவு தூரம் இல்லை. பீமைக் கண்ணால் பார்க்க முடியாது, உள்ளே நிற்பவனுக்கு வலிக்காது, முதலில் வாந்திதான் வரும் என்று பார்வையாளர்களுக்குச் சொல்லிச் சிரிக்கவைப்பார். நான்காம் பொத்தானுக்கு வருமுன் வாயில் செப்புக்காசைச் சப்பியதுபோல ஒரு ருசி. வாந்தி எடுத்தார். சுவரைப் பிடித்து நின்ற உயரத்தில் பொத்தான் எட்டவில்லை. கை இடுப்பளவில் பட்டது.

இடுப்பு. நாலுல இடுப்பு.

கையைச் சுவரில் வைக்கக் கூடாது. அதுதான் வழி. வைக்காமல் போய்விட்டால் படம் பொய். மைத்துனன் பொய். இடது கையால் வலது கையை மார்போடு அழுத்திப் பிடித்துக்கொண்டு நடந்தார். மூன்றாம் பொத்தானில் கால் மடங்கியது. வலது கை தானாகப் போய்ச் சுவரைப் பிடித்தது.

ஒலிபெருக்கியில் கைத்தட்டல். ஹாலின் மைக்கை யாரோ இங்கேயும் இணைத்துவிட்டார்கள்; ஏழு பேரும் எழுந்து நின்று தட்டுகிறார்கள் போல. யாரோ, "சார் எங்க? சாரைக் கூப்பிடுங்க," என்றார்கள். மைத்துனன் குரல் கேட்டது: "சார் லேட்டா வருவேன்னு சொன்னார். பீமை மட்டும் நிறுத்தக் கூடாதுன்னார்."

"டேய்," என்று கத்தினார். "மச்சான்! நிறுத்துடா!"

கைத்தட்டல் கூடியது.

தவழ்ந்தார். இரண்டு. முட்டி உயரம். பார்க்காமலே தெரிந்தது.

வளைவு முடிந்தது. கதவு தெரிந்தது. மஞ்சள் கதவு, பக்கத்தில் ஒன்றாம் பொத்தான், பத்து மீட்டர் இருக்குமா? எட்டு. தவழ முடிகிறது. மூச்சு இருக்கிறது. கதவைத் தொட்டுவிடுவார், நன்றாகத் தொட்டுவிடுவார், பிறகு எதற்குத் தரையில் அந்தத் தடம், எதற்கு விரல்கள் உள்பக்கமாக இழுபட்டு?

அப்போதுதான் பம்பு, காந்தம், கைத்தட்டல் எல்லாவற்றுக்கும் அடியில், பின்னால், வளைவுக்கு அந்தப் பக்கம், அந்தச் சத்தம் கேட்டது. ஈரமான உள்ளங்கை ஒன்று தரையில் விழுகிற சத்தம். கொஞ்சம் இடைவெளி. இன்னொன்று.

தவழ்ந்து வருகிறது.

கதவு ஐந்து மீட்டர். நான்கு. வலது கையை நீட்டினார். தரையில் வைத்தார், சுத்தமான தரையில், தூசி மட்டும் இருந்த இடத்தில்.

கணுக்காலை ஒரு கை பிடித்தது. சில்லென்று இருந்தது. உள்ளங்கையின் குறுக்கே தடித்த கோடு ஒன்று தோலில் உறுத்தியது.

மெதுவாக இழுத்தது.