முன்காயம்

அன்று காலை "சுத்தம்" என்று சொல்ல தோவெக்குக்கு ஒரு மூச்சு தாமதமானது.

பதினொரு வருடக் குடித்தனத்தில் அப்படி நடந்ததே இல்லை. இர்னா மேலாடையை இடுப்புவரை இறக்கிவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு, சுவரைப் பார்த்து உட்காருவாள். அவன் பிடித்திருக்கும் விளக்கின் சூடு முதுகில் மேலிருந்து கீழே ஒருமுறை இறங்கும். "சுத்தம்" என்பான். அதைக் கேட்டதும் அவன் மார்மேல் சாய்ந்துகொள்வாள். பிறகு அவன் உட்காருவான், அவள் பார்ப்பாள். ஓர்மாக் கோட்டையின் நாற்பது வீடுகளிலும் விடிந்ததும் இதுதான் முதல் வேலை.

இன்று சூடு மூன்று முறை இறங்கியது. அப்புறம் ஒரு மூச்சு. அப்புறம்தான் அந்தச் சொல்.

அவன் முறை வந்தபோது, வழக்கம்போல் கஞ்சி அடிபிடிக்காமல் கிண்டியபடியே, அடுப்பிலிருந்து திரும்பாமல் அவள் "சுத்தம்" என்றாள். அவன் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போனான்.

முன்காயம் என்ற வாள் அவர்கள் வீட்டில்தான் இருந்தது, எண்ணெய் தடவிய மரப்பெட்டியில். தோவெக்தான் அந்த வாளுக்குக் காவலன். மற்ற வாள்கள் குத்திய பிறகு காயம் வரும். இதற்குக் காயம்தான் முதலில். யார் முதுகிலாவது ஒரு பிளவு திறக்கும். வலிக்காது, ரத்தம் வராது. ரத்தம் வாளில் இருக்கும். குத்து பின்னால் வரும். வந்தே தீரும். போன பனிக்காலத்தில் மாவரைக்கும் பெஸ்குக்குக்குத் திறந்தது. அவனைக் காப்பாற்ற வாளை ஏரியில் போட எடுத்துப்போனது அவன் கூடப்பிறந்த அண்ணன். பனியில் கால் வழுக்கியது. விழுந்த இடத்தில் பெஸ்குக் நின்றிருந்தான். அதற்குப் பிறகு, காயம் திறந்த ஆளை அன்றே கோட்டை வாசலுக்கு வெளியே பனியில் விட்டுக் கதவை அடைத்துவிடுவது என்று முடிவாகிவிட்டது.

கிணற்றடியில் பக்கத்து வீட்டுக் கும்ரா வாளியை இறக்கிக்கொண்டே சிரித்தாள். "என்னடி, தீஞ்சது கஞ்சியா, புருஷனா? மூஞ்சி இப்படி இருக்கு?"

"முதுகு அரிக்குதுக்கா. ஒரு தடவை பாத்துச் சொல்றியா?"

கும்ராவின் சிரிப்பு நின்றது. கயிறு கையிலிருந்து நழுவி, வாளி எங்கோ ஆழத்தில் மோதியது. "உன் வீட்டுல கண்ணு இருக்குல்ல? அவன்கிட்டக் காட்டு. என்கிட்ட வராத, சொல்லிட்டேன்."

மதியத்துக்குள் மூடுபனி சன்னல்வரை ஏறிவிட்டது. வீட்டில் எண்ணெயும் ஈரக் கம்பளியும் நாறின. எங்கோ ஒரு மரச்சட்டம் நெட்டி முறித்தது. சுவரில் தொங்கிய தோவெக்கின் குளிர்மேலங்கியின் நிழல், அடுப்பு எரிய எரிய, முதுகைக் காட்டி நிற்கிற ஆள்போல மெல்லத் தோளைக் குலுக்கிக்கொண்டிருந்தது. இர்னா கையைப் பின்னால் வளைத்து எட்டியவரை தடவினாள். தோள்பட்டைகளுக்கு நடுவே விரல் எட்டவில்லை. அங்கேதான் இருக்கும். அதைப் பார்த்துத்தான் அவன் தயங்கியிருக்கிறான்.

அந்தக் கோட்டையில் கண்ணாடி கிடையாது. பளபளப்பாக இருந்தது ஒரே ஒரு பொருள்தான்.

பெட்டியைத் திறந்தாள். மேலேயே ஒரு துணி. விரித்தாள். சிவப்பு. காயக்கூட இல்லை.

வாளை எடுத்தாள். அது சூடாக இருந்தது. மேலாடையை இறக்கி, தோளுக்குப் பின்னால் அதைச் சாய்த்து, கழுத்தைத் திருப்பினாள். இரண்டு விரல் அகலத் தகட்டில் இரண்டு விரல் அகலத் தோல். நகர்த்தினாள். மச்சம். நகர்த்தினாள். முதுகெலும்பு. இன்னும் கீழே. இடுப்பு.

ஒன்றும் இல்லை. சுத்தம்.

அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. அப்போது வாசலில் காலடி கேட்டது.

வாளைத் தொட்டவளுக்கு என்ன தண்டனை என்று அவளுக்குத் தெரியும். மேலாடையை இழுத்துவிட்டு, வாளைப் பாவாடைக்குப் பின்னால் மறைத்தாள். தோவெக் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. பனி உதிர நேராகச் சுவரடிக்குப் போனான்.

"காலையில வாள்ல ரத்தம் இருந்துச்சு, இர்னா. நீயோன்னு செத்தே போயிட்டேன். மூணு தடவை பாத்தேன், ஒண்ணும் இல்ல. சும்மா சோதனைன்னு சொல்லி எல்லா வீட்டுலயும் திரும்பப் பாக்க வெச்சேன். ஒருத்தருக்கும் இல்ல." சட்டையைக் கழற்றிக்கொண்டே உட்கார்ந்தான். "என்னுதை நீ காலையில பாத்தேல்ல?"

"பாத்தேன்."

"இன்னொரு தடவை பாத்துடு." கண்ணை மூடிக்கொண்டான்.

அவள் பார்த்தாள்.

இடது தோள்பட்டைக்குக் கீழே. இரண்டு விரல் அகலம். உலர்ந்து, உதடு பிரிந்து, உள்ளே இருட்டு.

வாளைக் கீழே வைத்துவிட வேண்டும். சத்தமில்லாமல். விரலைத் திற.

விரல் திறக்கவில்லை.

முனை தானாக எழுந்தது. அளவெடுத்ததுபோல் பிளவுக்கு நேரே நின்றது. ஒரு நெல் இடைவெளி. உண்மையைச் சொன்னால் வாசல். பனி. அடைத்த கதவு.

"சொல்லுடி," என்றான் சுவரிடம்.

"சுத்தம்," என்றாள்.

தோவெக்கின் தோள்கள் தளர்ந்தன. நாளெல்லாம் அடக்கிவைத்திருந்த மூச்சை விட்டான். கண்ணைத் திறக்காமலே, எப்போதும்போல, பின்னால் அவள்மேல் சாய்ந்தான்.