பெயர் செதுக்கிய பைன்

ஸ்டேஷனுக்குப் பனிவண்டியோடு வருவதாக எழுதியிருந்த தாவெத்தி வரவில்லை. புருஷன் வாக்கு எப்போதுமே நீர்மேல் எழுத்துதான் என்று முணுமுணுத்துக்கொண்டே ஈதா மூட்டையைத் தோளில் போட்டு நடந்தாள்.

ஒன்றரை வருஷம் நெஞ்சுநோய் ஆஸ்பத்திரியில் கிடந்து பிழைத்தவள். “நுரையீரல் சுத்தமாயிருச்சும்மா. போய்ப் பொண்ணைக் கொஞ்சு” என்று டாக்டர் அனுப்பியிருந்தார். மூன்று மணிக்கே இருட்டிக்கொண்டு வந்தது. காலடியில் பனி நறநறக்க, எங்கோ நீராவிக் குளியல் குடிலில் எரியும் பிர்ச் விறகின் மணமும் தொழுவ வாடையும் கலந்து வர, தன் வாயிலிருந்து வெண்புகை புஸ்புஸ்ஸென்று போவதைப் பார்த்துச் சிரித்தபடியே நடந்தாள். எல்லிக்குத் தன்னை நினைவிருக்குமா என்பது ஒன்றுதான் அவளுக்குக் கவலை.

வீட்டுக்குத் திரும்பும் வளைவில் நின்ற பைன் மரத்தில் கீழ்க்கிளைகளைக் காணோம்.

செத்தவரைக் கல்லறைக்குக் கொண்டுபோகிற வழியில் ஒரு மரத்தின் கீழ்க்கிளைகளைக் கழித்து, பட்டையைச் சீவி, பெயரைச் செதுக்குவார்கள். எழுந்து வருகிற ஆவி தன் பெயரைக் கண்டால் அதைத் தாண்டி வீட்டுக்குப் போக முடியாது. யார் போய்விட்டார்கள்? பதறிப்போய் அருகே சென்றாள். வெட்டு புதுசு. பிசின் மணம் இன்னும் போகவில்லை. எழுத்துகளை விரலால் தடவினாள்.

ஈதா. அதன் கீழே, இந்த வருஷம்.

காலெடுத்து வைத்தாள். கால் நகரவில்லை. மறுபடி வைத்தாள். மரத்துக்கு இந்தப் பக்கமே நின்றாள்.

எதிரே ஒரு லாந்தர் வெளிச்சம். தாவெத்தி. கையைப் பிடித்துக்கொண்டு எல்லி.

“தாவெத்தி, நான்தான்யா. உசுரோடதான் வந்திருக்கேன்.”

அவன் மரத்தைப் பார்த்தே பேசினான். “அங்க போனவங்க யாரு திரும்பி வந்தா? நீ வர்றதா காயிதம் வந்தன்னிக்குத்தான் வெட்டினேன், ஈதா. பால் கறக்க வந்த லெம்பி இப்ப நம்ம வீட்டுல இருக்கா. மாசமா இருக்கா. போயிரு.”

“அடப்பாவி. வண்டியோட வர்றேன்னு எழுதினியே.”

“யார்கூடப்பா பேசுற?” என்றாள் எல்லி.

“யாருமில்லடா. மரம்.”

எல்லி, எல்லி என்று கத்தினாள் ஈதா. குழந்தை லாந்தரை வாங்கி, அவள் முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்து, அவளைத் தாண்டி இருட்டைப் பார்த்தது. அதன் வாயிலிருந்து வெண்புகை. அவன் வாயிலிருந்தும்.

ஈதாவின் வாயிலிருந்து ஒன்றும் வரவில்லை.