தீரா ஹோல்க்கின் மிஞ்சிய படம்

"மெழுகுதிரியால எரிஞ்சதெண்டு சொல்லினம், அண்ணை. மச்சாள் அவ்வளவு கவனமான ஆள். என்னால நம்ப ஏலாம இருக்கு," என்று சண்முகராசாவிடம் சொன்னாள் துசியந்தி.

டென்மார்க்கில் வளர்ந்து, லண்டனில் மிச்சம் என்னும் புறநகருக்குக் குடிவந்தவள் அவள். தீரா ஹோல்க் என்ற டேனிஷ் மௌனப்படக் கதாசிரியையைப் பற்றி ஆராய்ந்துவந்தாள். நூறு வருடங்களுக்கு முன் தீரா எழுதிய படங்களில் மிஞ்சியது ஒன்றுதான். அதன் சுருள் அவளிடம் இருந்தது; அதோடு வந்தால் வேலை தருவதாகக் கொப்பன்ஹேகனில் ஒரு ஆவணக்காப்பகம் சொல்லியிருந்தது. போன வாரம் அந்தச் சுருள் வீட்டின் பின்னறையில் எரிந்துவிட்டது.

தீ விபத்துகளை ஆராய்ந்து ஓய்வுபெற்ற சண்முகராசா, உதவியாளர் அஞ்சலீனாவுடன் அந்த வீட்டுக்குப் போனார். துசியந்தியின் கணவன் றெஜினோல்ட் விமான நிலைய வேலை முடிந்து அப்போதுதான் வந்திருந்தான். அவனுடைய கருநீலச் சீருடைக் கைகளில் வெள்ளைத் திட்டுகள் இருந்தன.

"அக்கா மாதாவுக்குக் கொளுத்தின மெழுகுதிரி. நான் ஒரு வாளி தண்ணி ஊத்தி நூத்திட்டன்," என்றான்.

அவனுடைய அக்கா கிளறிற்றா மூலையில் தலை நிமிராமல் நின்றாள். அன்று முதல் அவள் கோயிலுக்கும் போகவில்லை.

துசியந்திக்குத் திறந்து பார்க்க மனம் வராத தகரப் பெட்டியைச் சண்முகராசா திறந்தார். பாதி கருகிய சுருள் உள்ளே கிடந்தது.

"மாதா சிலைக்குப் பக்கத்தில பெட்டி. மெழுகுதிரிதான், சேர்," என்று அவசரப்பட்டாள் அஞ்சலீனா.

"அப்ப இந்த எரியாத பாதி? அந்தக் காலத்துப் பிலிம் பிடிச்சா தண்ணிக்குள்ளயும் எரியும். ஒரு வாளித் தண்ணிக்கு நூராது. இது பிறகு வந்த சாதாரண பிலிம்." அவர் றெஜினோல்டைப் பார்த்தார். "வீடே போயிடும் எண்டு பயந்து, உண்மையானதை நீங்கள் கொளுத்தேல்ல, இதை மாத்தி வைச்சுக் கொளுத்தினீங்கள். சட்டைக் கையில பிளீச் பட்டிருக்கு. பிளீச்சில ஊறினா படத்தில உள்ள உருவமெல்லாம் கரைஞ்சுபோகும். எங்க வைச்சிருக்கிறீங்கள்?"

"ஷெட்டில, பெயிண்ட் வாளிக்குள்ள." அவன் குரலில் பதற்றமே இல்லை. "கொப்பன்ஹேகன் போனா இவ திரும்பி வரமாட்டா. இனிப் போறதுக்கு ஒண்டும் இல்லைத்தானே."

கிளறிற்றா நிமிர்ந்தாள். "நான் அவளின்ர காலில விழுந்து அழுதனான். நீ பக்கத்தில நிண்டு பாத்தனீ."

"நீங்கள் ஒவ்வொரு நாளும் கொளுத்தினீங்கள்தானே, அக்கா. ஒருநாள் எப்பிடியும் நடந்திருக்கும்."

துசியந்தி ஷெட்டிலிருந்து வாளியைத் தூக்கிவந்து குசினி யன்னலடியில் உட்கார்ந்தாள். சுருளை இழுத்து வெளிச்சத்தில் பிடித்தாள். கண்ணாடி போல வெறுமையாக இருந்தது. மேலும் இழுத்தாள்.

"பொலிசுக்குப் போன் அடிக்கட்டோ?" என்று கேட்டாள் அஞ்சலீனா.

"பொறுங்கோ. எங்கயாவது ஒரு முகம் தப்பியிருக்கும்," என்றாள் துசியந்தி.

மடி நிறைந்து தரையிலும் சுருள் வழிந்தது. கடைசி நுனி அவள் விரலுக்கு வந்தபோது அதிலும் ஒன்றுமில்லை.

றெஜினோல்ட் அடுப்படியில் சட்டி மூடியைத் திறந்தான்.

"சோறு போடட்டோ?" என்று கேட்டான்.