பச்சைக் கல் ஊறிய தண்ணீர்

வீட்டில் ஒரு சத்தம் குறைகிறது என்பது செந்தாமரைக்குப் பிற்பகல் மூன்று மணிவாக்கில்தான் உறைத்தது. அக்னி நட்சத்திர வெயில் நெய்வேலி குவார்ட்டர்ஸ் கூரை மேல் ஏறி உட்கார்ந்திருந்தது. ஹாலில் ஃபேன் கிறீச்சிட்டது, அடுக்களையில் குழாய் சொட்டியது, தூரத்தில் அனல்மின் நிலையம் என்றும்போல் இரைந்துகொண்டிருந்தது, ஜன்னலுக்கெல்லாம் நியூஸ் பேப்பர் ஒட்டி இருட்டாக்கிய உள்ளறையில் நைட் ஷிஃப்ட் முடித்து வந்த புருஷன் இளவழகன் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். எல்லாம் அதது இடத்தில் இருந்தது. மகள் வெண்மதியின் நெஞ்சிலிருந்து நாலு வருஷமாக ஓயாமல் வந்துகொண்டிருந்த அந்த விசில் சத்தம் மட்டும் இல்லை.

முதலில் சந்தோஷம்தான் வந்தது. அதைச் சொல்லிவிட வேண்டும். பின்னால் செந்தாமரை தன்னைத் திட்டிக்கொண்டதெல்லாம் அந்தச் சந்தோஷத்துக்காகத்தான்.

ஷிஃப்ட்காரர் வீட்டுப் பிள்ளைகளுக்கு நடக்கக் கற்றுக்கொடுக்கும்போதே சத்தமில்லாமல் நடக்கவும் கற்றுக்கொடுத்துவிடுவார்கள். அப்பா பகலில் தூங்கும் வாரத்தில் குக்கர் விசில் அடிக்காது, டிவி வாய் திறக்காது, புருஷன் பெண்டாட்டி சண்டைகூடக் கண்ணாலேயே நடக்கும். வெண்மதி சமத்து, எல்லாம் கேட்பாள். மூச்சை என்ன செய்வாள் பாவம்? நிலக்கரித் தூசியோ, சாம்பலோ, யார் செய்த வினையோ, எட்டு வயதுப் பிள்ளை இழுத்து இழுத்து விடும் மூச்சு மூடிய கதவைத் தாண்டிப் போய் அவனை எழுப்பிவிடும். சுரங்கத்தில் மண் வெட்டும் ராட்சதச் சக்கர மிஷினை ஓட்டுகிறவன் அவன். பங்குனிக் கடைசியில் ஒரு விடிகாலை, வேலையில் கண் அசந்துவிட்டான். தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போனது. இன்னொரு தரம் நடந்தால் பார்த்துக்கொண்டிருக்க மாட்டேன் என்று அதிகாரி சொல்லி அனுப்பினார். அன்று வீட்டுக்கு வந்து அவன் யாரையும் திட்டவில்லை. தலையணையைக் காதோடு அமுக்கிக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தான். அதுதான் செந்தாமரைக்குத் தாங்கவில்லை.

அந்த வாரமே மந்தாரக்குப்பத்தில் செல்போன் கடை மாடிக்குப் போனாள். அங்கே பாப்பாக்கா என்பவள் ஆன்லைனில் படித்து வாங்கிய சான்றிதழைக் கண்ணாடி போட்டு மாட்டிக்கொண்டு, தட்டுத் தட்டாகக் கலர் கற்களைப் பரப்பி வைத்து வைத்தியம் பார்த்துக்கொண்டிருந்தாள். முதுகுவலிக்கு ஒரு கல், கோபத்துக்கு ஒரு கல். வெண்மதியின் நெஞ்சில் கை வைத்துப் பார்த்துவிட்டு எலுமிச்சம்பழ அளவில் பச்சைக் கல் ஒன்றை எடுத்துக் கொடுத்தாள். பாம்புச் சட்டை மாதிரி வரியும் கறுப்புப் புள்ளியுமாக இருந்தது. தொட்டால் ஈர சோப்பு போல வழுக்கியது.

"இதுக்கு செர்பன்டைன்னு பேரு. படுக்க வெச்சு நெஞ்சு மேல ஒரு மணி நேரம் வெய்யிம்மா, கபத்தை இழுத்துரும்" என்றாள் பாப்பாக்கா. "தண்ணியில மட்டும் போட்றாத. இது தண்ணியைத் தேடுற கல்லு."

எட்டு வயதுப் பிள்ளை ஒரு மணி நேரம் ஆடாமல் அசையாமல் படுக்குமா? இரண்டாம் நாள் கல் உருண்டு தரையில் விழுந்த சத்தத்தில் இளவழகன் எழுந்து வந்துவிட்டான். பாப்பாக்காவுக்கென்ன, அவள் வீட்டில் ஷிஃப்டா தூக்கமா என்று செந்தாமரை நினைத்தாள். வெந்தயத்தை ஊறப்போட்டுக் குடிக்கிறோம், செம்பில் தண்ணீர் வைத்துக் குடிக்கிறோம், கல் மட்டும் என்ன செய்துவிடும்? கழுவித் துடைத்து, பிள்ளை குடிக்கும் மண்பானைக்குள் போட்டு மூடினாள். பானைக்குள் விழும்போது அது சத்தமே போடவில்லை.

மூன்று வாரத்தில் விசில் நின்றுவிட்டது. கல் வேலை செய்கிறது என்று அவள் நினைத்ததில் தப்பும் இல்லை.

அந்தப் பிற்பகலில் ஹாலுக்குப் போய்ப் பார்த்தபோது வெண்மதி சுவரில் சாய்ந்து உட்கார்ந்து கலர் பென்சிலால் படம் வரைந்துகொண்டிருந்தாள். "மூச்சு முட்டுதாடி கண்ணு?" என்று காதோரம் கேட்டாள். இல்லை என்று தலையாட்டினாள். நெஞ்சில் கை வைத்தாள் செந்தாமரை. புழுக்கத்தில் தன் உடம்பெல்லாம் வியர்த்து வழிய, பிள்ளையின் நெஞ்சு அம்மிக்கல்லைத் தொட்டாற்போல் குளிர்ந்திருந்தது. விசில் மட்டுமா இல்லை? கையை எடுக்காமல் அவள் காத்திருந்தாள். நெஞ்சு மேலே எழவும் இல்லை, கீழே இறங்கவும் இல்லை. வெண்மதி பச்சைப் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு, "தண்ணி குடும்மா" என்றாள்.

அதற்கப்புறம் ஒவ்வொன்றாகக் கண்ணில் பட்டது. நெய்வேலியில் தண்ணீருக்கா பஞ்சம், சுரங்கத்திலிருந்து இறைத்துக் கொட்டுகிறார்கள், குடிக்கட்டும் என்று விட்டிருந்தாள். இப்போது எண்ணிப் பார்த்தால் பிள்ளை ஒரு நாளைக்கு மூன்று பானை குடிக்கிறது. பாத்ரூம் பக்கம் போவதே இல்லை. பண்ருட்டிப் பலாப்பழம் வீடு முழுக்க மணத்துக்கொண்டு கிடந்தது. சுளைக்காகச் சண்டை போடுகிற பிள்ளை அதைத் திரும்பியும் பார்க்கவில்லை. உட்கார்ந்தால் பிளாஸ்டிக் நாற்காலியின் கால்கள் அகன்று வளைந்தன. மறுநாள் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனாள். டாக்டர் ஸ்டெதஸ்கோப்பை நெஞ்சில் வைத்தார், நகர்த்தினார், மறுபடி நகர்த்தினார். நர்ஸிடம் வேறொன்று வாங்கி வைத்துப் பார்த்தார். காதில் இருந்ததைக் கழற்றித் துடைத்தார். "வீசிங் சுத்தமா இல்லைம்மா" என்றார், அவள் முகத்தைப் பார்க்காமல்.

அன்றைக்கு வீடு திரும்பியதும் பானைக்குள் கை விட்டுத் துழாவினாள். எலுமிச்சம்பழ அளவுக் கல் புளியங்கொட்டை அளவுக்குக் கரைந்திருந்தது.

பக்கத்துக் குவார்ட்டர்ஸில் சிவசங்கர் என்று ஒருவர், சுரங்கத்தின் நிலவியல் பிரிவில் கல்லோடும் மண்ணோடும் பேசிக்கொண்டிருப்பவர். வேலியோரம் செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தவரிடம் கொண்டுபோய் நீட்டினாள்.

"அட, செர்பன்டைன். சேலம் பக்கத்துக் கல்லாச்சே, ஏதுங்க?" என்றார். பிள்ளைகளுக்குப் பாடம் எடுப்பதுபோல் அவருக்கு உற்சாகம் வந்துவிட்டது. "இது முதல்ல வேற கல்லுங்க. பூமிக்குள்ள தண்ணி பூந்து பூந்து இதுவா மாறிடும். அதுல அழகு என்னான்னா, பழைய கல்லோட அச்சு அப்பிடியே இருக்கும். அதே மூலை, அதே ஓரம். பார்த்தா அதேன்னுதான் சொல்லுவீங்க. உள்ள இருக்கறது மட்டும் வேற."

"அப்போ பழைய கல்லு சார்?"

"அது போயிடும். ஓரத்துலேர்ந்து ஆரம்பிச்சு உள்ளுக்குப் போவும். சிலதுல நட்டநடுவுல மட்டும் கொஞ்சூண்டு மாறாம மாட்டிகினு இருக்கும். தண்ணி அங்க போய்ச் சேர்ற வரைக்கும்தான்."

"திரும்பப் பழையபடி ஆவுமா சார்?"

சிவசங்கர் சிரித்தார். "கல்லு எப்பிடிங்க திரும்பும்? ஒண்ணு, இதைத் தண்ணியில கிண்ணியில போட்டு வெக்காதீங்க. கல்லுக்குள்ள நார் நாரா இருக்கும், நெஞ்சுக்கு ஆவாது."

மிச்சக் கல்லைச் சாக்கடையில் எறிந்தாள். பானையைப் போட்டு உடைத்தாள். என்ன பிரயோஜனம், வெண்மதி குழாயில் பிடித்துக் குடித்தாள். கல் ஊறிய தண்ணீர்தான் வேண்டுமென்று இல்லை, இப்போது எந்தத் தண்ணீரும் போதும். இளவழகனிடம் அழுதாள். பல நாள் கழித்துத் தூங்கி எழுந்த தெளிவு அவன் கண்ணில் இருந்தது.

"புள்ளை நல்லாத்தான இருக்கா? டாக்டரே சொல்லிட்டாரு. இந்த நைட் ஷிஃப்ட் வாரம்தான் நான் மனுஷனா தூங்கியிருக்கேன். நீ இன்னாத்துக்குக் கண்டதை நெனைச்சிகினு கெடக்கற?"

அவனை எப்படிக் குற்றம் சொல்வது? அவன் கேட்டதும் அதுதான், அவள் சாமியிடம் வேண்டியதும் அதுதான், சத்தம் நின்றால் போதும் என்று.

திங்கட்கிழமை அவனுக்கு செகண்ட் ஷிஃப்ட். ஒன்றேகாலுக்கு பஸ் ஏறிப் போய்விட்டான். இனி இரவு பத்தரைக்குத்தான் வருவான், சுரங்கத்துக்குள் இருக்கும்போது போன் எடுக்க மாட்டான். அன்று காலையிலிருந்து வெண்மதி பேசவில்லை. குழாயடியிலேயே நின்றாள். அவள் கன்னத்தில் மெல்லிய பச்சை வரிகள் தெரிந்தன. நரம்பு என்று சொல்லிக்கொள்ளலாம். செந்தாமரை மதியம் முழுக்க அப்படித்தான் சொல்லிக்கொண்டாள்.

ஆறரை மணிக்குப் பொறுக்க முடியாமல் கொல்லைப்பக்கம் போய் வீட்டுக்கு வரும் தண்ணீரின் வால்வை இறுக மூடினாள். உள்ளே குழாய் ஒரு தரம் கொர்ரென்று காற்று விட்டு நின்றது. வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது. பக்கத்து வீடுகளில் டிவி சத்தம், எங்கோ தாளிக்கும் வாசனை. அவள் உள்ளே வந்தாள்.

ஹாலில் பிள்ளை இல்லை.

பலாப்பழ வாசனையும் இல்லை. அதற்குப் பதிலாக வேறொரு வாசனை. மழை நனைத்த பாறையின் வாசனை. பாத்ரூமிலிருந்து வந்தது. கூடவே தம்ளர் மொள்ளும் சத்தம். மொண்டு, ஊற்றி, மொண்டு, ஊற்றி. விழுங்கும் சத்தம் நடுவில் இல்லை.

பாத்ரூமில் தண்ணீர் பிடித்து வைத்திருந்த நீல டிரம்மை அவள் மறந்துபோயிருந்தாள்.

வெண்மதி டிரம் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தாள். அவள் உட்கார்ந்த இடத்தில் டைல்ஸ் விரிசல் விட்டிருந்தது.

"போதும்டி கண்ணு. குடுத்துடு."

"தாகமா இருக்கும்மா."

அதே குரல். அதே முகம். நெற்றியில் அதே அம்மைத் தழும்பு. செந்தாமரை தம்ளரைப் பிடித்து இழுத்தாள். பிடி விடவில்லை. இன்னும் இழுத்தாள். இரண்டு கையாலும் இழுத்தாள்.

டக்.

சுண்டுவிரல் தரையில் விழுந்து உருண்டது. ரத்தம் இல்லை. உடைந்த இடம் கரும்பச்சை. ஈரப் பளபளப்பு. நடுவில் வெள்ளையாக மெல்லிய நார்கள், பட்டு நூல் மாதிரி.

வெண்மதி தன் கையைத் திருப்பிப் பார்த்தாள். அழவில்லை.

"ஒட்டிடலாமாம்மா?" என்றாள்.

செந்தாமரைக்குக் கத்த வேண்டும்போல் இருந்தது. கத்தினால் சிவசங்கர் வருவார், தெருவே வரும். ஷிஃப்ட்காரன் பெண்டாட்டியாக ஒன்பது வருஷம் அடக்கி அடக்கிப் பழகிய தொண்டையிலிருந்து வெறும் காற்றுதான் வந்தது. தூக்கிக்கொண்டு ஓடிவிடலாம். பிள்ளையின் இடுப்பைக் கட்டிப்பிடித்துத் தூக்கினாள். அசையவில்லை. முட்டி போட்டு, மூச்சைப் பிடித்து, நெஞ்சோடு நெஞ்சாக அணைத்துத் தூக்கினாள். மயிரளவும் அசையவில்லை. அவள் காது பிள்ளையின் நெஞ்சில் அழுந்தியது.

அப்போது கேட்டது.

"அம்மா."

நிமிர்ந்து பார்த்தாள். வெண்மதியின் உதடுகள் தம்ளரில் பதிந்திருந்தன. தண்ணீர் உள்ளே போய்க்கொண்டிருந்தது. செந்தாமரை மறுபடி காதை வைத்தாள். வெகு ஆழத்திலிருந்து. கிணற்றுக்கு அடியிலிருந்து கூப்பிடுவது போல.

"அம்மா. நான் இங்க இருக்கேன்."

"கண்ணு... கண்ணு..."

"இருட்டா இருக்கும்மா. அவளுக்குத் தண்ணி குடுக்காதம்மா. இடம் சின்னதாயிகினே வருது."

செந்தாமரை டிரம்மைத் தள்ளிவிடக் கையை நீட்டினாள். அதற்குள் விரல் இல்லாத அந்தக் கை அவள் முதுகின் மேல் வந்து படிந்தது. அன்பாகத்தான் படிந்தது. ஆட்டுக்கல்லை ஏற்றி வைத்தாற்போல் அவள் அப்படியே அமுங்கினாள். விலா எலும்பு நெரிந்தது. அசைய முடியவில்லை. காதை எடுக்கவும் முடியவில்லை.

தம்ளர் டிரம்முக்குள் இறங்கியது. ஏறியது.

"அம்மா, காலை நீட்ட முடியல."

இறங்கியது. ஏறியது.

"அம்மா, கழுத்தைத் திருப்ப முடியல."

"வேணாம்டி," என்று செந்தாமரை மேலே இருக்கும் முகத்தைப் பார்த்துக் கெஞ்சினாள். "உன் கால்ல விழறேன். போதும்டி."

"கொஞ்சம்தாம்மா" என்றது அந்த முகம், செல்லமாக.

இறங்கியது. ஏறியது. உள்ளே இருந்தவள் இப்போது வார்த்தையாகப் பேசவில்லை. அழுதாள். ஊசிமுனை அளவுக்கு மெலிந்த அழுகை. அது காதுக்குள் கேட்கிறதா, தன் மனசுக்குள் கேட்கிறதா என்று செந்தாமரைக்குத் தெரியவில்லை. கேட்காமல் போய்விடுமோ என்று காதை இன்னும் அழுத்திக்கொண்டாள்.

டிரம்மில் பாதிக்கு மேல் தண்ணீர் இருந்தது. வெண்மதி அம்மாவின் முதுகை மெல்லத் தட்டிக்கொடுத்துக்கொண்டே அடுத்த தம்ளரை மொண்டாள்.