கை காட்டும்வரை

ஒத்திகையில் பேண்டு முழுவதும் நின்ற பிறகும் பெரிய டிரம் மட்டும் இன்னொரு அடி அடித்தது.

டிரம்காரரோ குச்சியைக் கீழே வைத்துவிட்டிருந்தார். "நான் அடிக்கலை ஐயா," என்றார். திட்ட வாயெடுத்த பேண்டு மாஸ்டர் ஏனோ ஒத்திகையை அத்தோடு முடித்துவிட்டார்.

மறுநாள் ரெஜிமென்டின் மார்ச் மெட்டுக்கு வெள்ளிவிழா. அது பிறந்த கதையை மேடையில் சொல்ல வேண்டியவர் அவர்தான். எல்லோரும் போன பிறகு, பித்தளை பாலிஷும் வியர்த்த சட்டைகளும் மணக்கும் அந்த நீண்ட அறையில், சாயங்கால வெயில் ஜன்னல் கம்பிகளின் நிழலைத் தரையில் இழுத்துப் போட்டிருக்க, காலி நாற்காலிகளுக்கு முன்னால் நின்று பேசிப் பார்த்தார்.

"நாங்க பின்வாங்கின அன்னிக்கு, ஆற்றங்கரையில இந்த மெட்டை நான் போட்டேன்."

டம்.

வெக்கையில் டிரம் தோல் விறைத்திருக்கும் என்று மனதைத் தேற்றிக்கொண்டார். டிரம் மூலையில் உறைக்குள் இருந்தது. சத்தம் தாழ்வாரத்திலிருந்து வந்தது.

உண்மையில் மெட்டைப் போட்டவன் அவருடைய சிநேகிதன், அன்றைய டிரம்காரன். இடி என்றுதான் கூப்பிடுவார்கள். எல்லோரும் ஆற்றைக் கடக்கும்வரை, படை இன்னும் இக்கரையில்தான் இருக்கிறது என்று எதிரியை நம்பவைக்க யாராவது அடித்துக்கொண்டே இருக்க வேண்டும். அவன் பின்தங்கி நின்றான்.

"நீ கை காட்டுற வரைக்கும் நிறுத்த மாட்டேன் மாப்ளே. போ."

பேண்டில் அதுதான் சட்டம்; அன்றும் அவர்தான் மாஸ்டர். மாஸ்டரின் கை உயர்ந்து இறங்கினால்தான் டிரம் ஓயும். அக்கரை சேர்ந்ததும் அவர் கை காட்டியிருந்தால் அவன் நீந்தி வந்திருப்பான். பயத்தில் மறந்துவிட்டதாக ஊரை நம்பவைத்தார். மறக்கவில்லை. அவன் மெட்டு அவர் தலைக்குள் பத்திரமாக இருந்தது. அவன் வராவிட்டால் அது அவருடையது. தன் பாவி மனசு அவருக்குத் தெரியும்.

டம். டம். கிட்டே.

ஆற்றுச் சேற்றின் வாடை. ஈரக் காலடி. கதவுக்கு அடியில் தண்ணீர்.

"மன்னிச்சிடுடா," என்றார். "நாளைக்கு உன் பேரைச் சொல்லிடுறேன்."

டம்.

அவன் கேட்டது மன்னிப்பு அல்ல, சைகை. அவருக்கு அது சட்டென்று புரிந்தது. கதவு திறந்தது. நெஞ்சோடு டிரம். ஊறிப்போன விரல்கள். அவர் கையை உயர்த்தினார். இறக்கினார்.

டம்.

மறுபடி உயர்த்தினார். அது முகத்தை அவர் பக்கம் திருப்பியது. கண்கள் இருந்த இடத்தில் சேறு அடைத்துக் கிடந்தது.

அவர் கையை இறக்கினார். டிரம் அடித்துக்கொண்டே இருந்தது.