கைக்குள் வந்த சாவி

மடிக்கணினியில் ஓடிய காட்சியில் குழந்தைவேலின் பக்கத்தில் ஒருவரும் வரவே இல்லை. ஆனால் அரியலூர் பஸ் ஸ்டாப்பிலிருந்து அவன் எழுந்து வந்தபோது கைக்குள் ஒரு லாரிச் சாவி இருந்தது.

காசிநாதன் மறுபடி ஓட்டிப் பார்த்தான். மச்சினன் குழந்தைவேல் வலிப்பு வந்தவன்போல் விழுந்து துடிப்பான். யார் ஓடிவந்து கையில் இரும்பு கொடுக்கிறார்கள் என்று டீக்கடை பிஸ்கட் பெட்டிக்குள் ஒளித்த கேமரா பார்த்துக்கொண்டிருக்கும். ஊரே பார்த்துச் சிரிக்கும் யூடியூப் சேனல் அது.

"யாரோ வச்சாங்க மாமா. ஐஸ் மாதிரி கை," என்றான் குழந்தைவேல், குளியலறைக்குள்ளிருந்து.

பொழுது சாய்ந்த நேரத்தில் கரண்ட் போனது. மின்விசிறி முனகி நிற்க, சோப்பு வாசனையை அமுக்கிக்கொண்டு ஈரச் சுண்ணாம்பு நெடி கூடத்தில் பரவியது. மேசையிலிருந்த சாவியில் எத்தனை துடைத்தும் வெள்ளைப் பொடி போகவில்லை.

போன் அடித்தது. டீக்கடைத் தங்கராசு.

"இனிமே பெட்டிய இங்க வைக்காதப்பா. போன வாரம் சுண்ணாம்புக்கல் லாரிக்காரரு நெசமாவே வலிப்பு வந்து விழுந்துட்டாரு. ஒங்க படம்னு நெனச்சு எல்லாரும் கேமராவத் தேடிச் சிரிச்சுக்கிட்டு நின்னோம். நானுந்தான். பக்கத்துலயே அவரு சாவி கெடந்துச்சு. எடுத்துக் குடுக்கல. உசுரு போயிடுச்சுப்பா."

குளியலறையில் வாளி உருண்டது. குதிகால்கள் தரையில் அடிக்கும் சத்தம்.

"மாப்ள, வெளையாடாத."

சத்தம் நிற்கவில்லை.

கதவை உதைத்துத் திறந்தான். குழந்தைவேலின் வாயில் நுரை. நுரையில் ரத்தம். நடிக்கும்போது அவன் ஒருநாளும் நாக்கைக் கடித்ததில்லை. இவனுக்கு ஏதாவது ஆனால் மனைவி நர்மதா முகத்தில் காசிநாதன் எப்படி விழிப்பான்? அவள் கூடப் பிறந்த ஒரே தம்பி.

சாவி! மேசைக்கு ஓடினான். சாவி இல்லை.

வாசலுக்குப் பாய்ந்து கத்தினான். "யாராச்சும் ஓடியாங்க! தம்பிக்கு வலிப்பு!"

தெருவே ஓடிவந்தது. குளியலறை வாசல்வரை வந்து, நின்றது. ஜன்னலைப் பார்த்தார்கள். அலமாரி மேலே பார்த்தார்கள். எதிர்வீட்டு ஜெயசுதா முந்தானையைச் சரிசெய்துகொண்டு சிரித்தாள்.

"கேமரா எங்க வச்சிருக்கீங்க அண்ணே?"

"கேமரா இல்ல! சத்தியமா இல்ல!"

இன்னும் சிரித்தார்கள்.

சிரிக்காத ஒருவர் மட்டும் உள்ளே, குழந்தைவேலின் தலைமாட்டில் குந்தியிருந்தார். உச்சி முதல் பாதம்வரை வெள்ளைப் பொடி. காசிநாதனையே பார்த்தபடி, குழந்தைவேலின் விரல்களைச் சாவியின்மேல் ஒவ்வொன்றாக மடக்கிக்கொண்டிருந்தார்.